ஒரே நாளில் நாலு சனி

இந்தச் சனிக்கிழமை ஏரிக்குப் போய் ஒரு மீனாவது பிடிக்காவிட்டால் தான் ஆம்பளையே இல்லை என்று வெர்லின் சபதம் எடுத்தான். சத்தமாக எடுக்கவில்லை. பக்கத்து அறையில் ஆர்டிஸ் இருந்தாள்.

மின்னசோட்டாவில் ஏரி உறைந்ததும் ஆண்பிள்ளைகள் அதன்மேல் மரக்குடில் நிறுத்தி, ஐஸில் துளை போட்டு, தூண்டிலை விட்டுவிட்டு, பெண்டாட்டி குரல் எட்டாத தூரத்தில் நிம்மதியாக உட்கார்ந்திருப்பார்கள். வெர்லினும் டிசம்பரிலேயே ஒரு குடிலைக் கொண்டுபோய் நிறுத்தினான். அப்புறம் அதன் பக்கமே போகவில்லை. ஒரு சனிக்கிழமை ஆர்டிஸின் அக்கா வீட்டுக்குப் பெயின்ட் அடித்தான். அடுத்த சனிக்கிழமை சர்ச்சில் நாற்காலி அடுக்கினான். அதற்கடுத்த வாரம் அக்காவுக்குப் பெயின்ட் நிறம் பிடிக்காமல் போய்விட்டது. ஊருக்கெல்லாம் வாரத்தில் ஒருநாள்தான் சனி. இவனுக்குக் கல்யாணமான நாளிலிருந்தே சனி. இப்போது மார்ச். திங்கட்கிழமைக்குள் குடில்களை ஏரியிலிருந்து எடுத்துவிட வேண்டும் என்பது சட்டம். மிச்சமிருந்தது ஒரே ஒரு சனிக்கிழமை. அதற்கும் ஆர்டிஸ் வேலைப் பட்டியல் போட்டுவிட்டாள்.

வெர்லினின் உலகத்தில் காலச்சுருள் என்று ஒரு சாமான் உண்டு. இரும்புக்கடையில் எலிப்பொறிக்குப் பக்கத்தில் தொங்கும். ஆள் நுழைகிற மாதிரி ஒரு பெட்டியில் அதை மாட்டி ஏறிக்கொண்டால், அன்றைய காலையில் எந்த மணிக்கு வேண்டுமானாலும் திரும்பிப் போகலாம். முந்தின நாளுக்கெல்லாம் போகாது. வெர்லின் ஒன்று வாங்கி, கார் ஷெட்டில் இருந்த பழைய ஃப்ரீசரில் மாட்டினான். பகலெல்லாம் சமர்த்தாக வேலை செய்வது, சாயங்காலம் ஃப்ரீசரில் ஏறிக் காலைக்கே போய்விடுவது. அப்போது ஊரில் இரண்டு வெர்லின் இருப்பார்கள். ஒருவன் பனி அள்ளுவான், இன்னொருவன் மீன் பிடிப்பான்.

சனிக்கிழமை எட்டு மணிக்கு விசிலடித்துக்கொண்டே பனி அள்ளினான்.

"என்னங்க, விசிலெல்லாம் பலமா இருக்கு?"

"வேலை செய்யறதே ஒரு சொகம்தானே, ஆர்டிஸ்!"

"காய்ச்சல் கீய்ச்சல் இல்லையே?"

கூரைமேல் யாரோ ஐஸ் சுரண்டிக்கொண்டிருந்தார்கள். வீட்டுக்கு அடியில் இருந்த அறையில் வேறு ஆணி அடிக்கும் சத்தம்.

"யாரு இவங்கல்லாம்?"

"ஆள் வெச்சிருக்கேன்."

வெர்லின் அண்ணாந்து பார்த்தான். மூக்குவரை கம்பளி சுற்றிய ஒருவன் தெரிந்தான்.

"சரியான சோம்பேறியா இருக்கான். ஆமைகூட இதைவிட வேகமாச் சுரண்டும்."

"எனக்கும் அதே அபிப்பிராயம்தான். என்ன செய்யறது, எனக்கு வாய்ச்சது இதுதான்."

ஒன்பது மணிக்கு ஆர்டிஸ், அக்கா வீட்டுக்குப் போவதாகச் சொல்லி வண்டியில் கிளம்பினாள்.

சாயங்காலம் வெர்லின் சுருளின் முள் நேற்று வைத்தபடி ஏழு மணியிலேயே இருக்கிறதா என்று பார்த்துவிட்டு ஃப்ரீசரில் ஏறினான். மூடியைத் திறந்தால் விடிகாலை. எதிரே முக்காலியில், கையில் காபியோடு ஆர்டிஸ்.

"வாங்க, வாங்க. ஏழுன்னா ஏழு. கல்யாணத்தன்னைக்குக்கூட நீங்க இவ்வளவு கரெக்டா வரலை."

"எ... எப்படித் தெரியும்?"

"ஃப்ரீசர்ல இருந்த மான்கறியை எடுத்துப் பனியில பொதைச்சீங்களே, பக்கத்து வீட்டு நாய் அதைத் தோண்டி வாசல்ல கொண்டாந்து வெச்சுது. காலிப் பெட்டியில சுருள் மாட்டியிருக்கு, முள்ளு ஏழுல நிக்குது, உங்க மூஞ்சியில சிரிப்பு ஒட்டியிருக்கு. கூட்டிக் கழிச்சுப் பார்க்கத் தெரியாதா?"

"ஒரே ஒரு நாள்மா..."

"மேல கட்டில்ல இன்னொருத்தர் கொறட்டை விட்டுட்டிருக்கார். அவர் எந்திரிச்சுப் பனி அள்ளிக்குவார். நீங்க கீழ போங்க. அலமாரி நாலு வருஷமா ஆடுது."

ஆணி அடித்துக்கொண்டிருந்தபோது வெளியே ஒரு முட்டாள் விசிலடிப்பது கேட்டது. அந்த வாயைக் கிழிக்கலாம் போல வெர்லினுக்கு ஆத்திரம் வந்தது. அப்புறம் கூரைமேல் சுரண்டும் சத்தம் காதில் விழுந்தது. சுத்தியல் பாதியில் நின்றது. அங்கே இருப்பது யார் என்று அவனுக்குப் புரிந்துவிட்டது.

இனிமேல் அந்தப் பெட்டியைத் தொடுவதில்லை என்று மத்தியானம்வரை உறுதியாக இருந்தான். ஆனால் ஆசை யாரை விட்டது? அரைமணி முன்னாடி போனால் அவள் வந்திருக்க மாட்டாளே! ஆறரைக்கு வைத்தான். மூடியைத் திறந்தான். காபியில் ஆவி பறந்துகொண்டிருந்தது.

"முந்திக்கிட்டீங்களா? நல்லது. ஏணி சாத்தி வெச்சிருக்கேன். இந்தக் கம்பளியைச் சுத்திக்கங்க."

கூரைமேல் காற்று அறைந்தது. கீழேயிருந்து தன் குரலே 'சோம்பேறி' என்றபோது வெர்லினுக்கு அழுகை வந்துவிட்டது. கண்ணீர் கன்னத்தைத் தாண்டுமுன் உறைந்தது. உலகத்தில் மூன்று வெர்லின்கள் இருந்தார்கள், மூவருக்கும் எஜமானி ஒருத்தி. காலத்தைப் பிடிக்கப் போனவனைக் காலம் காலை வாரிவிட்டது. இப்படியே இருந்து இப்படியே சாகவேண்டியதுதான் என்று நினைத்தான்.

அப்போதுதான் அவள் வண்டி தெருமுனையில் திரும்பி மறைந்தது. மணி ஒன்பது. மடையா, ஒன்பதுக்கு மேல் வந்தால் யார் தடுப்பார்கள்?

மறுபடி சாயங்காலம், மறுபடி ஃப்ரீசர். முள்ளை ஒன்பதரைக்கு வைத்தான். மூடியைத் திறந்தான். முக்காலி காலி.

வெர்லின் ஓடினான். மூன்று நாள் வேலை செய்த இடுப்பு, ஒருநாளும் தூங்காத கண். வண்டியில்லாமல் இரண்டு மைல் பனியில் விழுந்து எழுந்து போனான். வலிக்கவே இல்லை. இன்றைக்கு மீன் பிடித்துவிடுவான். இந்தக் குளிர்காலத்தில் ஒரு சனிக்கிழமையாவது அவனுடையது.

குடிலின் புகைக்குழாயில் புகை வந்துகொண்டிருந்தது. பக்கத்தில் வண்டி நின்றது. அவன் கதவைத் திறந்தான். பூட்ஸைக் கழற்றிவிட்டு, அடுப்புக்கு எதிரே கால் நீட்டியபடி ஆர்டிஸும் அவள் அக்காவும் உட்கார்ந்திருந்தார்கள்.

"அக்கா வீட்டுக்குப் போறேன்னியே?"

"போனேன். கூட்டிக்கிட்டு வந்தேன்."

"உக்காருங்க மாப்ளே," என்றாள் அக்கா. "நல்ல குடில். டிசம்பர்லேர்ந்து ஒரு சனிக்கிழமைகூட நாங்க தவறவிட்டதில்லை."

வெர்லின் திறந்த கதவைப் பிடித்துக்கொண்டே நின்றான்.

ஆர்டிஸ் தூண்டிலிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"கதவைச் சாத்துங்க, குளிருது. வாளி நெறைஞ்சுபோச்சே, மீன் கழுவ ஒரு ஆள் இல்லையேன்னு இப்பத்தான் அக்காகிட்ட சொல்லிட்டிருந்தேன்."