அக்காவுக்கு நாலாயிரம் கழிவு

நாரணாபுரம்,
கார்த்திகை மாதம், சனிக்கிழமை.

எனக்குச் சோறூட்டி வளர்த்த மூத்தவர், அக்கா முத்துமாரியம்மாள் அவர்களுக்கு, தம்பி மாரீஸ்வரன் காலைத் தொட்டு எழுதிக்கொள்வது. இங்கே நான், முருகம்மாள், மகள் வேல்விழி மூவரும் உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம். கணக்குக்குத்தான் உடம்பு சரியில்லை. காரியாபட்டியில் உங்கள் உடம்பு எப்படி இருக்கிறது என்று விவரமாக எழுதவும். "எனக்கென்னலே, நான் கல்லு மாதிரி இருக்கேன்" என்று ஒரே வரியில் முடிக்க வேண்டாம்.

அக்கா, சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். வருகிற வெள்ளிக்கிழமைக்குள் நீங்கள் பெட்டி படுக்கையோடு இங்கே வந்து குடியேற வேண்டும். வராவிட்டால் எங்கள் வீடு கையைவிட்டுப் போய்விடும். இது நான் வழக்கமாகப் போடுகிற கூப்பாடு இல்லை. வழக்கமாக நான் கூப்பிட்டால் "தம்பி வீட்டுச் சோறு எனக்கு எதுக்குலே, என் கை காலு நல்லாத்தான இருக்கு" என்பீர்கள். அதற்கு மேல் பேசினால் டவர் இல்லை என்று போனை வைத்துவிடுவீர்கள். அதனால்தான் தபாலில் எழுதுகிறேன், தபாலுக்கு டவர் வேண்டாம். இந்தத் தடவை நான் உங்களுக்குச் சோறு போடக் கூப்பிடவில்லை. நீங்கள்தான் எனக்கு உதவி செய்ய வருகிறீர்கள். அரசாங்கக் கணக்கே அப்படித்தான் சொல்கிறது.

நாங்கள் இருப்பது தொழிலாளர்களுக்கு என்று அரசாங்கம் சலுகை வாடகைக்கு விட்ட மாடிவீடு என்பது உங்களுக்குத் தெரியும். ஏழு வருஷமாக மாசம் எழுநூறு ரூபாய், தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் எழுநூறு என்பேன். இந்த வருஷம் அதை மாற்றி, அவரவர் வருமானத்துக்குத் தகுந்த வாடகை என்று ஆக்கிவிட்டார்கள். வீட்டில் சம்பாதிக்கிறவர்கள் எல்லாருடைய மாச வருமானத்தையும் கூட்ட வேண்டுமாம். வருமானம் இல்லாத ஆள் ஒவ்வொருவருக்கும் இரண்டாயிரம் கழிக்க வேண்டுமாம். மிச்சத்தில் பத்தில் ஒரு பங்கு வாடகை. ஆக, உழைக்கிறவன் கூடினால் வாடகை ஏறும், சும்மா இருக்கிறவன் கூடினால் வாடகை இறங்கும். முப்பது வருஷம் வெடிக் கம்பெனியில் வேலை பார்த்தவன் மண்டையில் இது ஏறுமா, நீங்களே சொல்லுங்கள். இதில் இன்னொன்று, மிச்சம் முப்பதாயிரத்தைத் தாண்டினால் வாடகையே கிடையாது. நான் அதைப் படித்துவிட்டு, "அடேங்கப்பா, தாண்டிட்டா இலவசமா!" என்று துள்ளினேன். வேல்விழிதான் காகிதத்தை வாங்கிப் பார்த்து, "தாண்டினா வீட்டையே காலி பண்ணணும்பா. நீங்க ஏழை இல்லைன்னு அர்த்தம்" என்றாள். நம்மை ஏழை இல்லை என்று ஒருவர் எழுதிக் கொடுத்தால் அதற்குச் சிரிக்க வேண்டுமா அழ வேண்டுமா என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

ஆள் கணக்கு எடுக்க வந்தது தீபாவளிக்கு முந்தின மாசம். அன்றைக்குக் காலையிலேயே இடி இடித்ததால் கம்பெனியில் வேலையை நிறுத்தி எங்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். நான் குளித்துக்கொண்டிருந்தேன். முருகம்மாள் எப்போதும் போலக் கூடத்தில் உட்கார்ந்து வெடிக்குப் பேப்பர் குழாய் உருட்டிக்கொண்டிருந்தாள், வேல்விழி கூடமாட ஒட்டிக்கொண்டிருந்தாள். கீழே ஒரு ஜீப் வந்து நின்றது. கையில் அட்டையும் கழுத்தில் அடையாள அட்டையுமாக ஒரு பெண் இறங்கினாள். அவ்வளவுதான், கீழ்வீட்டில் யாரோ ஒருத்தி "செக்கிங் வந்துருச்சு!" என்று குரல் கொடுத்துவிட்டாள். வீட்டில் திருட்டுத்தனமாக வெடி செய்கிறவர்களைப் பிடிக்க ஆய்வுக்கு வருவார்களே, நம்ம பக்கத்தில் அந்த வார்த்தை காதில் விழுந்த பிறகு எவன் நின்று யோசிப்பான்? மருந்து இல்லை, திரி இல்லை, வெறும் காகிதக் குழாய், அதை வீட்டில் உருட்டினால் யாரும் ஒன்றும் சொல்லப்போவதில்லை. ஆனாலும் கால் கேட்காதே. மூன்று மாடியில் இருந்த அத்தனை பேரும் குழாய்க் கட்டுகளைத் தலையில் தூக்கிக்கொண்டு மொட்டைமாடிக்கு ஓடித் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார்கள். மிஞ்சியவன் நான் ஒருவன்தான், தலையெல்லாம் சோப்பு நுரையோடு.

கதவைத் தட்டினாள். துண்டைக் கட்டிக்கொண்டு திறந்தேன். "வீட்டுல எத்தனை பேருங்க ஐயா?" என்று கேட்டாள். நான் ஆய்வுக்கு வந்தவள் என்றே நினைத்து, "யாருமே இல்லம்மா, நான் ஒத்த ஆளு. இங்கன எந்த வேலையும் நடக்கல" என்றேன். "அப்ப வருமானம்?" என்றாள். வீட்டில் திருட்டு வேலை பார்க்கவில்லை, முறையாகக் கம்பெனியில்தான் பார்க்கிறேன் என்று காட்ட வேண்டுமே என்று நெஞ்சை நிமிர்த்தி, "எல்லாம் கம்பெனி சம்பளம். போன மாசம் இருபத்தி நாலாயிரம்" என்றேன். சீசன் நேரம், ராப்பகலாக ஆர்டர், ஓவர்டைமோடு சேர்த்து வந்த பணம் அது. அவள் எழுதிக்கொண்டு நன்றி சொல்லிவிட்டுப் போனாள். நான் மாடிக்குப் போய், "தப்பிச்சோம், எறங்கி வாங்க" என்று எல்லாரையும் கூட்டிவந்தேன். தீபாவளி முடிந்து கம்பெனியைப் பூட்டியதும் காகிதம் வந்தது. குடியிருப்பவர் ஒருவர், மாச வருமானம் இருபத்தி நாலாயிரம், வாடகை இரண்டாயிரத்து நானூறு.

வருஷம் பன்னிரண்டு மாசமும் தீபாவளி வருமா அக்கா? இப்போது ஒரு மாசமாக வேலை இல்லாமல் ஃபேனைப் பார்த்துக்கொண்டு படுத்திருக்கிறேன், ஃபேனும் ஓடவில்லை, கரண்டு மிச்சம். சரி, வருஷம் முழுக்க வேலை இருக்காது என்று கம்பெனியில் ஒரு சான்றிதழ் வாங்கிக் கொடுத்தால் சரியாகிவிடும் என்று கணக்கர் அருள்பாண்டியிடம் போய், "எனக்கு ஒரு சர்ட்டிபிகேட் வேணும், கொஞ்சம் நல்லா எழுதுங்க" என்று கேட்டேன். அந்த மனுஷன் வேல்விழிக்கு மாப்பிள்ளை பார்க்கத்தான் கேட்கிறேன் என்று நினைத்துவிட்டார். நல்ல மனசு. "இவர் பன்னிரண்டு மாதமும் ஒருநாள் தவறாமல் வேலைக்கு வருபவர், உயர்ந்த சம்பளம் பெறுபவர், மதிப்புக்குரிய குடும்பம்" என்று கம்பெனி முத்திரை குத்திக் கொடுத்தார். நானும் படித்துப் பார்க்காமல் விண்ணப்பத்தோடு இணைத்துவிட்டேன்.

சூலக்கரை ஆபீசுக்கு விசாரணைக்கு வரச் சொன்னார்கள். குடும்பம் இருக்கிறது என்று காட்ட வேண்டுமே, முருகம்மாளையும் வேல்விழியையும் கூட்டிப் போனேன். அதே பெண்தான் அதிகாரி, பேர் அனுப்பிரியா, தன்மையான பிள்ளை. நான் செக்கிங் கதையைச் சொன்னதும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. "சரிங்க, அம்மாவைச் சேர்த்துக்கறேன். அவங்க வீட்டுல சும்மாதானே இருக்காங்க?" என்று கேட்டது. ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இரண்டாயிரம் கழிந்திருக்கும். முருகம்மாளுக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிட்டது. "யாரும்மா சும்மா இருக்கா? இவுக சம்பளத்துல குடும்பம் ஓடுமாக்கும்? நான் உருட்டுற குழாயிலதான் ஓடுது. போன மாசம் நாலாயிரத்து ஐந்நூறு வாங்கியிருக்கேன், கேட்டுப் பாருங்க!" என்றாள். கழிய வேண்டியவள் கூடிவிட்டாள். அவள் சொன்னதில் பொய் இல்லை என்பதுதான் எனக்கு எரிச்சல்.

என்னைச் சும்மா இருக்க விட்டதா விதி? "வெளியூர்ல இருந்து யாராவது பணம் அனுப்புறாங்களா?" என்று அடுத்த கேள்வி. கோயம்புத்தூரில் இருக்கிற நம்ம ராம்குமார் கல்யாணம் ஆன நாளிலிருந்து ஒரு பைசா அனுப்பியதில்லை என்று உங்களுக்கும் எனக்கும் தெரியும். ஆனால் அந்த அறையில் பத்துப்பேர் வரிசையில் உட்கார்ந்திருக்கிறார்கள். பெற்ற மகன் அனுப்புவதில்லை என்று அத்தனை பேர் முன்னால் எப்படிச் சொல்வது? "அனுப்பாம இருப்பானா? மாசம் அஞ்சாயிரம், ஒண்ணாந்தேதி டாண்ணு வந்துரும்" என்று சொல்லிவிட்டேன். முருகம்மாள் என் தொடையில் கிள்ளிய இடம் இன்னும் வலிக்கிறது. அந்தப் பிள்ளை கூட்டிக் கழித்துக் காட்டியது. அருள்பாண்டியின் சர்ட்டிபிகேட் பன்னிரண்டு மாசத்துக்கும் உறுதி செய்துவிட்ட என் இருபத்தி நாலாயிரம், முருகம்மாள் நாலாயிரத்து ஐந்நூறு, வராத அஞ்சாயிரம், இதில் வேல்விழிக்கு இரண்டாயிரம் போக, மிச்சம் முப்பத்தோராயிரத்து ஐந்நூறு. முப்பதாயிரத்தைத் தாண்டியாச்சு. வீட்டைக் காலி பண்ண வேண்டியதுதான். போகும்போது வாடகைப் பிரச்சினை, வரும்போது வீடே இல்லை.

என் முகத்தைப் பார்த்து அந்தப் பிள்ளைக்கே பாவமாகிவிட்டது. "ஐயா, அறுபது வயசு தாண்டின, வருமானம் இல்லாத பெரியவங்க யாராவது உங்ககூட நிரந்தரமா இருக்காங்களா? இருந்தா நாலாயிரம் கழிக்கலாம். வெள்ளிக்கிழமைக்குள்ள நேர்ல கூட்டிட்டு வாங்க" என்றது. எனக்கு உடனே உங்கள் முகம்தான் வந்தது. நாலாயிரம் கழித்தால் இருபத்தேழாயிரத்து ஐந்நூறு. வீடு தங்கும். வாடகை இரண்டாயிரத்து எழுநூற்றைம்பது, எப்படியாவது கட்டிவிடலாம். மற்ற எல்லாருக்கும் இரண்டாயிரம்தான், உங்களுக்கு மட்டும் இரட்டிப்பு மதிப்பு.

ஆகவே இது பாசம் கீசம் என்று நினைத்துக்கொள்ள வேண்டாம், சுத்தமான கணக்கு. நீங்கள் சும்மா உட்கார்ந்திருந்தால் போதும், எவ்வளவு சும்மா இருக்கிறீர்களோ அவ்வளவு நல்லது. அந்தப் பிள்ளை முன்னால் மட்டும் "என் கை காலு நல்லாத்தான் இருக்கு" என்று ஆரம்பித்துவிடாதீர்கள். மூன்றாம் மாடி என்று மலைக்க வேண்டாம், ஒவ்வொரு மாடியிலும் ஒரு நாற்காலி போடச் சொல்லியிருக்கிறேன். வேல்விழி தன் கட்டிலை உங்களுக்கு விட்டுக்கொடுத்து ஜன்னல் பக்கமாக நகர்த்திப் போட்டுவிட்டாள். முருகம்மாள் உங்களுக்கு என்று பச்சைக் கரையில் ஒரு போர்வை வாங்கியிருக்கிறாள், இதுவும் கணக்கில் வராது. ரேஷன் கார்டு, ஆதார் இரண்டையும் மறக்காமல் எடுத்துவரவும். ஆட்டைப் பக்கத்து வீட்டில் விட்டுவரவும், ஆட்டுக்குக் கழிவு உண்டா என்று நான் கேட்கவில்லை.

முருகம்மாள் உங்களுக்கு வணக்கம் சொல்லச் சொன்னாள், என்னோடு பேசாமல் வேல்விழி மூலமாகத்தான் சொன்னாள். வேல்விழிக்கு உங்கள் ஆசி வேண்டும். எனக்கு உங்கள் வரவு வேண்டும்.

இப்படிக்கு,
வாடகைக்கு வழி தெரியாத உங்கள் தம்பி,
மாரீஸ்வரன்.

பின்குறிப்பு: இன்றைக்குச் செவ்வாய்க்கிழமை. ஸ்டாம்பு வாங்க மறந்து கடிதம் அலமாரியிலேயே இருந்துவிட்டது. அதை வேல்விழி எடுத்துப் படித்துவிட்டாள். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லாமல், என் பாங்கு புத்தகத்தையும் அவள் அம்மா குழாய்க் கூலி குறித்து வைத்த நோட்டையும் தூக்கிக்கொண்டு நேற்றுக் காலையில் சூலக்கரைக்குப் போய்விட்டாள். வாரச் சம்பளம் எல்லாம் பாங்கில்தான் ஏறுகிறது, அதைக் காட்டலாம் என்று எனக்குத்தான் தோன்றவில்லை. வருஷம் முழுக்கக் கூட்டிப் பன்னிரண்டால் வகுத்தால் எனக்கு மாசம் பன்னிரண்டாயிரத்து ஐந்நூறுதான் வருகிறதாம். அவள் அம்மாவுக்கு இரண்டாயிரத்து ஐந்நூறு. "அண்ணன் பணம் அனுப்புறதில்ல மேடம், அப்பா மானத்துக்காகச் சொன்னாரு" என்று பட்டென்று சொல்லிவிட்டாளாம். கூட்டிக் கழித்து, வாடகை ஆயிரத்து முந்நூறு. வீடு தங்கிவிட்டது. நீங்கள் வர வேண்டிய அவசியம் ஒன்றும் இல்லை.

அதோடு, நீங்கள் வந்தாலும் பிரயோசனம் இல்லையாம். உங்களுக்கு முதியோர் பென்ஷன் ஆயிரத்து இருநூறு வருகிறதே, அதனால் நீங்கள் வருமானம் உள்ளவர். நாலாயிரமும் கிடையாது, இரண்டாயிரமும் கிடையாது. உங்களைச் சேர்த்தால் வாடகை நூற்றிருபது ரூபாய் கூடத்தான் செய்யும்.

இன்றைக்கு மதியம் நானே போய், "அக்கா பேரையும் எழுதிக்கங்கம்மா, நிரந்தரமா எங்ககூடத்தான் இருக்காக" என்று சொன்னேன். அந்தப் பிள்ளை பேனாவை வைத்துவிட்டு, "ஐயா, கூடுமே, சேர்க்காட்டி உங்களுக்குத்தானே லாபம்?" என்று இரண்டு தடவை கேட்டது. தெரியும்மா, எழுதுங்க என்றேன். ஐப்பசி மழையில் நீங்கள் குழாயடியில் வழுக்கி விழுந்து ஒரு பகல் முழுக்கக் கிடந்தது எனக்கு மூன்று நாள் கழித்து, அதுவும் அடுத்தவர் சொல்லித்தான் தெரிந்தது. அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை அக்கா. ஆயிரத்து நானூற்றிருபதுக்குக் கையெழுத்துப் போட்டாச்சு, இனி அழிக்க முடியாது. ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு உங்கள் வாசலில் ஆட்டோவோடு நிற்பேன். ஆட்டையும் கூட்டிக்கொண்டு வாங்க.