கறுப்பு நாடா கட்டிய படம்

இந்தப் படத்திலாவது என்னை உயிரோடு விட்டிருக்கலாம்.

பேருந்தில், கறுப்பு நாடா கட்டிய தன் புகைப்படத்தையே மடியில் வைத்துக்கொண்டு பாங் உன்-சுக் நினைத்தாள். முப்பது வருஷமாக அவள் கதாநாயகர்களின் அம்மா. பாதிப் படத்துக்குள் செத்துப்போவாள். மீதிப் படத்தில் அவள் புகைப்படம் நடிக்கும். "சாவுப் படத்தை முன்னாலேயே எடுத்து வெச்சா ஆயுசு கெட்டிம்மா!" என்று உதவி இயக்குநர் அதை அவளிடமே கொடுத்துவிட்டான்.

சுருக்கமெல்லாம் நீக்கிய முகம். வீடு வந்ததும் அதை அலமாரிக்குப் பின்னால் ஒளித்தாள்.

மறுநாள் சந்தையிலிருந்து திரும்பினால், படம் சாப்பாட்டு மேசைமேல் இருந்தது. எதிரே சோற்றுக் கிண்ணம், அதில் செத்தவர்களுக்குப் படைக்கிற மாதிரி செங்குத்தாகக் கரண்டி. நினைவு தப்பிக்கொண்டிருந்த அவள் கணவர் இல்-ஹோ, தரையில் விழுந்து வணங்கிக்கொண்டிருந்தார்.

"என்னங்க இது! நான் இங்கதானே நிக்கிறேன்!"

"சாவு வீட்டுல விளையாடாதேம்மா. வேலைக்கு வந்தவ வேலையைப் பாரு."

அவர் வாயால் தன் பெயரைக் கேட்டு மாதக்கணக்காகிறது. இன்று எப்படியாவது கேட்டுவிட வேண்டும். எல்லாம் நடிப்புதான் என்று காட்ட, தான் நடித்த படமொன்றைப் போட்டாள். அதில் அவள் காசநோயில் செத்தாள். அவர் தேம்பினார். அவசரமாக வேறொன்றைப் போட்டாள். அதில் லாரி.

"எத்தனை தடவைதான் சாவா, பாவி மக!" மார்பில் அடித்துக்கொண்டார்.

புகைப்படத்தைப் போர்வைகளுக்கு அடியில் மறைத்தாள். அவர் வாசல் கதவைத் திறந்து கத்தினார்.

"வேலைக்காரி என் பொண்டாட்டியைத் திருடிட்டா!"

எதிர்வீட்டுப் பியோ எட்டிப் பார்த்தாள். "குடுத்துடுங்கக்கா. வேற என்ன பண்றது?"

கொடுத்துவிட்டாள்.

சாயங்காலம் சூப்பை ஒரு வாய் குடித்தவர் நிமிர்ந்தார். "அவ கைப்பக்குவம் அப்படியே இருக்கு."

கரண்டி அவள் கையிலேயே நின்றது. "நல்லாப் பாருங்க. நான் யாரு?"

வெகுநேரம் பார்த்தார். "நல்ல மனசுக்காரி."

பிறகு எழுந்துபோய், புகைப்படத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிவைத்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"அவ போய்ட்டா. நானும் ஒண்டி ஆளு. என்னைக் கல்யாணம் பண்ணிக்கறியா?"

அவர் காதுமடல் சிவந்திருந்தது. முதல் தடவை கேட்டபோதும் இப்படித்தான் சிவந்திருந்தது. அன்று, அவர் கேட்டு முடிப்பதற்குள் தலையாட்டியவள் அவள்.

உன்-சுக் புகைப்படத்தை மெல்ல நேராகத் திருப்பினாள்.

"மாட்டேங்க," என்றாள். "என் வீட்டுக்காரர் இன்னும் உயிரோடதான் இருக்கார்."