சீனி குறைச்சுக் கேட்ட மைனா

பாடாங் செராய் சாப்பாட்டுக் கடையில் அப்போது இருந்தவர்கள்: முதலாளி முகம்மது ஹனீபா, தே தாரிக் என்ற நுரைப் பால்தேநீர் ஆற்றும் காளிதாசன், சுவரோர மேசையில் நாளிதழோடு பரஞ்சோதி, அவர் தலைக்கு மேலே கூண்டில் ஒரு மைனா.

"தே தாரிக் ஒண்ணு!"

காளிதாசன் எப்போதும் வாடிக்கையாளர்களுக்கு முதுகைக் காட்டித்தான் நிற்பான். குரல் கேட்டால் கை தானாக ஆற்றிவிடும். ஆற்றித் திரும்பினான். கேட்ட ஆளைக் காணோம்.

"என்னைப் பாக்காதே லா. மேல பாரு," என்றார் பரஞ்சோதி, நாளிதழிலிருந்து தலையைத் தூக்காமல்.

மைனா தலையைச் சாய்த்துப் பார்த்தது.

"பறவைக்கும் மனுசனுக்கும் வித்தியாசம் தெரியாதாடா?" என்று ஹனீபா கத்தினார். "இன்னும் ரெண்டு குவளை வீணாச்சுன்னா வேற கடை பாத்துக்க!"

கொட்ட மனமில்லாமல் அந்தத் தேயைப் பரஞ்சோதியிடமே நீட்டினார்.

மறுநாள் காளிதாசன் ஒரு சட்டம் போட்டான். மேசை எண்ணைச் சொன்னால்தான் ஆற்றுவான். பறவைக்கு எண் எங்கே தெரியப் போகிறது?

"அஞ்சாம் மேசைக்கு ஒண்ணு!"

ஆற்றினான். ஐந்தாம் மேசையில் ஒரு பூனை படுத்திருந்தது.

"எண்ணத் தெரியுது பாருங்க!" பரஞ்சோதி வியந்தபடி அந்தக் குவளையையும் வாங்கிக்கொண்டார். "நாமதான் வாயில்லாத ஜீவன்னு இளக்காரமா நினைக்கிறோம்."

"கத்துறது வேற, புரிஞ்சு பேசுறது வேற அண்ணே," என்றான் காளிதாசன். "இனிமே திருப்பிக் கேள்வி கேப்பேன். மாட்டிக்கும்."

அடுத்த நாள் குரல் வந்தது. திரும்பாமலே கேட்டான்: "சீனி எவ்வளவு?"

"குறைச்சுப் போடு!"

கேள்விக்குப் பதில் சொல்கிறதென்றால் மனுசன்தான். நிம்மதியாக ஆற்றித் திரும்பினான். மைனா இறகைக் கோதிக்கொண்டிருந்தது.

இந்த முறை ஹனீபா திட்டவில்லை. பதில் அவர் காதிலும் விழுந்திருந்தது. சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்கச் சொல்லிவிட்டார். ஞாயிற்றுக்கிழமை சுங்கைப் பட்டாணியிலிருந்துகூடக் காரில் ஆட்கள் வந்தார்கள்.

கூட்டத்துக்கு முன்னால் மைனா மூச்சு விடவில்லை. காளிதாசன் தொண்டை கிழியக் கேட்டான்: "சீனி எவ்வளவு? டேய், சீனி எவ்வளவுடா?" பிள்ளைகள் சிரித்தார்கள்.

"கூச்சப்படுது," என்றார் பரஞ்சோதி.

கூட்டம் கலைந்ததும் ஹனீபாவின் முகம் கறுத்துவிட்டது. "நீ முறைச்சு முறைச்சுத்தான் அது வாயை மூடிக்கிச்சு. என் மானமே போச்சு. ஏப்ரனைக் கழட்டு!"

"முதலாளி, எனக்கு வேற வேலை தெரியாது..."

"கழட்டுடா!"

காளிதாசன் முடிச்சில் கை வைத்தான். அப்போது வாசலில் மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. மைனாவைக் கொடுத்த மணியம், கையில் வாழைப்பழச் சீப்போடு, சேதி கேள்விப்பட்டுத் திகாம் பத்து ஊரிலிருந்து ஓடி வந்திருந்தார்.

"நம்ம மைனா பேசுதாமே முதலாளி?" என்றார் மூச்சு வாங்க. "எப்படி லா? முட்டையிலிருந்து வந்த நாள்லேருந்து அது ஊமையாச்சே! அதனாலதானே உங்களுக்குச் சும்மா கொடுத்தேன்!"

பரஞ்சோதி நாளிதழை மடித்தார். யாரையும் பார்க்காமல் பின்பக்கக் கழிவறைக்குள் போய், கதவைச் சாத்தி, உள்ளே தாழ்ப்பாளைப் போட்டுக்கொண்டார்.