ஏழரை மணி அட்சதை

அட்சதைக்காரர்கள் என்றொரு இனம் மண்டியாவில் தெருவுக்குத் தெரு உண்டு. பார்க்கச் சாது. கடிக்காது. ஆனால் கன்னட சீரியலில் எவனாவது எவள் கழுத்திலாவது தாலியைக் கட்டிவிட்டால் போதும், கட்டப்பட்டவள் சிரிக்கிறாளா, சீறுகிறாளா, மயங்கிக் கிடக்கிறாளா என்றெல்லாம் பார்க்காமல் கை தானாக அரிசியை அள்ளி டிவி மேல் தூவும்.

அந்த இனத்தில் ஒருத்தியான குசுமக்காவுக்கு ரிமோட்டுக்குப் பக்கத்திலேயே மஞ்சள் அரிசிக் கிண்ணம். சீரியல் நாயகன் ஆறு மாதமாக அந்தப் பெண்ணைத் துரத்தினான், வேலையைப் போக்கினான், போனை உடைத்தான், கொட்டுகிற மழையில் நிற்கவைத்தான். இதற்கெல்லாம் போலீஸில் வேறு பெயர் உண்டு. குசுமக்காவிடம் ஒரே பதில்தான்: "பாவம், ஆசையை வெளிய சொல்லத் தெரியல அவனுக்கு." வாய் வராதவனுக்குக் கை மட்டும் எப்படி இவ்வளவு நன்றாக வந்தது? கேட்டுப் பாருங்கள், அன்று உங்களுக்குக் காபி கிடையாது.

இன்று ஏழரை மணி சீரியலில் கோயில் காட்சி. நாயகன் தாலியோடு பாய்கிற நேரம் பார்த்து மகள் ஸ்பூர்த்தி மூச்சிரைக்க உள்ளே வந்தாள்.

"அம்மா, போலீஸ் ஸ்டேஷனுக்கு வா. பஸ் ஸ்டாண்டுல லோஹித் என் கையைப் பிடிச்சு முறுக்கிட்டான். பாக்கெட்ல மஞ்சக் கயிறு வச்சிருக்கான்மா. நாளைக்கே கட்டிடுவேங்கிறான்."

"யாரு, வெல்ல ஆலைக்காரர் பையனா?" குசுமக்கா கண்ணைத் திருப்பவில்லை. "கயிறோட அலையுறான்னா உம்மேல எவ்வளவு ஆசை இருக்கணும்! தள்ளுடீ, மறைக்காத. முகூர்த்தம்."

ஸ்பூர்த்தி ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்தினாள்.

நாதஸ்வரம் போனது. புல்லாங்குழல் போனது. திரையில் மிஞ்சியது ஒரு தடியன், அவன் பிடியில் ஒரு மணிக்கட்டு, ஓசையில்லாமல் திறந்த ஒரு வாய்.

"சத்தத்தை வைடீ."

மகள் வைக்கவில்லை. தன் கையைத் திரைக்குப் பக்கத்தில் நீட்டினாள். உடைந்த வளையல் கீறிய இடத்தில் ரத்தம் இன்னும் காயவில்லை.

குசுமக்காவின் கை அரிசியோடு அந்தரத்தில் நின்றது.

"இந்தப் பொண்ணு எதுக்குடீ இப்படி அழுவுறா?"

ஆறு மாதத்தில் முதல் கேள்வி. எந்தப் பெண்ணைப் பற்றிக் கேட்டாள் என்பது அவளுக்கே தெரியாது.

எழுந்து செருப்பைத் தேடினாள். இந்த இனம் சட்டென்று திருந்திவிடாது. வாசலில் நின்று, "காலைல பத்து மணிக்கு மறுபடியும் போடுவான்" என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள். ஆனால் மகளின் நல்ல கையைப் பிடித்தவள் ஸ்டேஷன் படி ஏறும்வரை விடவில்லை. இரண்டு கைகளுக்கும் நடுவே அகப்பட்ட மஞ்சள் அரிசி வழியெல்லாம் உதிர்ந்தது.

நீங்கள் அப்படியில்லைதான். சீரியலே பார்ப்பதில்லை. தியேட்டரில் விசில் மட்டும் அடிப்பீர்கள். நாயகி 'வேண்டாம், விடு' என்றபோது அடித்தீர்களே, ஞாபகமிருக்கிறதா? எதற்கும் உள்ளங்கையை ஒருதரம் முகர்ந்து பாருங்கள். மஞ்சள் வாடை சுலபத்தில் போகாது.