பதினோரு நிமிட வரப்பு

நெடுவாய்க்கால்,
பட்டுக்கோட்டை வழி,
14.2.1979

அன்புள்ள மாப்பிள்ளை செல்லதுரை அவர்களுக்கு, மாமனார் கா. ரெத்தினம் எழுதுவது.

நீங்கள் எடுத்த படத்தில் என் முகம் இல்லை. இது அநியாயம். மற்றபடி இங்கு நானும் உங்கள் மாமியார் தங்கம்மாளும் மாடுகளும் நலம். பக்கத்து நிலத்து நல்லக்கண்ணுவும் நலமாகவே இருக்கிறான். அதில்தான் எனக்கு வருத்தம். மகள் செவ்வந்தியை விசாரித்ததாகச் சொல்லவும்.

புரட்டாசியில் நீங்கள் கேமராவோடு வந்தபோது, உபரி நிலத்துக்காகப் பண்ணையோடு மல்லுக்கு நின்றது, பதினேழு நாள் ஜெயிலில் இருந்தது, பட்டா வாங்கியது எல்லாவற்றையும் இஸ்திரி போட்ட சட்டையோடு ஒரு மணி நேரம் சொன்னேன். நேற்று சாயங்காலம் படத்துக்கு ஒலி பிடித்த உங்கள் நண்பர் ஹபீப் முகம்மது பள்ளிக்கூடத்தில் திரை கட்டிப் படத்தைப் போட்டார். அரிவாள் வெட்டுத் தழும்போடு என் இடது குதிகால் வந்தது. என் பேச்சுக்குப் பதிலாகத் தவளை கத்தியது. ஹபீபைக் கேட்டால், "மாமா, அவரு முகமே காட்ட மாட்டாரு. கையும் காலும்தான் வரலாறும்பாரு" என்கிறார். முன்பே சொல்லியிருந்தால் சட்டையை விட்டுவிட்டுக் காலையாவது தேய்த்துக் கழுவியிருப்பேனே!

அப்புறம் ஒரு வரப்பு. நம் நிலத்துக்கும் நல்லக்கண்ணு நிலத்துக்கும் நடுவில் உள்ளதுதான். கேமராவை நட்டு, என்னைக் காவலுக்கு நிறுத்திவிட்டு இளநீர் குடிக்கப் போனீர்களே, அன்றைக்கு எடுத்தது. பதினோரு நிமிடம் ஆட்டமில்லை, அசைவில்லை. ஊரில் பாதி எழுந்து போய்விட்டது, எனக்கோ இரண்டாம் நிமிடத்திலேயே கண் சொக்கிவிட்டது. விழித்தால் நல்லக்கண்ணு கைதட்டிக்கொண்டிருக்கிறான். "அண்ணே, மாப்பிள்ளை பெரிய கலைஞருண்ணே! அந்த வரப்ப மட்டும் இன்னொரு தடவ போடச் சொல்லுங்க" என்கிறான். என்ன கிண்டல்! வரப்பைச் சீவிச் சீவி என் நிலத்தில் ஒரு முழம் தின்றவன். என் மனுவின் பேரில் அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை சர்வேயர் அளக்க வருகிறார். வரட்டும்.

ஆகவே நீங்கள் என் முகத்தைச் சேர்க்க வேண்டும். ஹபீப் தவளையை எடுக்க வேண்டும். தொடக்கத்தில் 'இதில் வரும் கால்கள் கா. ரெத்தினத்துடையவை' என்று பெரிய எழுத்தில் போட வேண்டும். வரப்பை வெட்டி எறியலாம்.

இருவரும் நீடு வாழ்க. உங்கள் கேமரா கொஞ்சம் நிமிர்ந்து பார்க்கப் பழகட்டும்.

இப்படிக்கு,
கா. ரெத்தினம்

பி.கு.: உறையை ஒட்டப்போகும்போது தங்கம்மாள் சொல்கிறாள்: "நீங்க கொறட்ட விட்டப்ப அந்தத் தழும்புக் காலு மம்பட்டியோட வந்து நல்லக்கண்ணு பக்கத்து வரப்பச் சீவிச்சு. அவரு முன்னாடி போயி உக்காந்து பாத்தாரு." கேமரா ஓடுகிறது என்று ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா மாப்பிள்ளை? வரப்பு கோணலாக இருந்தது. உங்கள் கலைக்காகத்தான் நேராக்கினேன்.

முகம் காட்டாததுதான் உங்கள் படத்துக்கே அழகு. அந்தக் கால் மெட்ராஸ் நடிகர் ஒருவருடையது என்று நீங்கள் எழுதித் தர வேண்டும். வரப்பை வெட்டி எறியலாம் என்றேன். எறிந்தே ஆக வேண்டும். ஹபீப் வெள்ளிக்கிழமைக்குள் படப்பெட்டியோடு ஊரைவிட்டுக் கிளம்ப வேண்டும். தவளை இருக்கட்டும். தங்கம்மாள் வாயைத் திறக்காதபடி செவ்வந்திதான் கடிதம் போட வேண்டும். நான் சொன்னால் கேட்க மாட்டாள். வெள்ளிக்கிழமை முழுக்க வயலில் குதிகாலை மூடும் செருப்போடு நிற்க வேண்டும். அதை நான் பார்த்துக்கொள்கிறேன்.