சாய்வு நாற்காலியின் மேல் விழுந்த நிழல்கள்

வாழ்க, தொந்திமாமலையே! ஆயிரம் சாவிகளைச் சுமந்து அலுக்காத இடுப்புடையோனே! ஊரார் கதவுகளையெல்லாம் காக்கப் பிறந்து, சொந்த மாமனார் வீட்டுக் கொல்லைக் கதவுக்கு ஒரு தாழ்ப்பாள் கொண்டுவர மட்டும் மாதக்கணக்கில் மறந்துபோன மறதிப்பெருங்கடலே! பூட்டுக்கடை மூத்த மாப்பிள்ளை என்று உலகம் அழைக்கும் உத்தமனே, எழுக! முடிந்தால் மூச்சைப் பிடித்துக்கொண்டு எழுக! உன் புகழைப் பாட வேறு நாதியில்லாததால் நாமே பாடுகிறோம்.

வானில் இரு நிலவுகள் உலவும் உலகம் அவனுடையது. மூத்த நிலா பருத்து மஞ்சளித்தது. இளைய நிலா மெலிந்து வெளுத்தது. ஆகவே அங்கே ஆளுக்கு இரண்டு நிழல். ஒரு நிழலுக்கே யோக்கியதை இல்லாதவர்களுக்கும் இரண்டு. நாம் இடம் பிடிக்கத் துண்டு போடுவதுபோல் அவ்வுலகத்தார் நிழல் போடுவர். காலியாய்க் கிடக்கும் இருக்கையைக் கையாலோ காலாலோ தொடாமல், பிறர் நிழல் படாதபடி, தன் இரு நிழல்களையும் அதன்மேல் ஒருசேர விழவைத்து, "விழுந்தது!" என்று முழங்குபவனுக்கே அது உரிமை. இந்த மகத்தான சட்டத்தை வகுத்தவன் வேலைவெட்டி இல்லாதவனாகத்தான் இருந்திருப்பான்.

இரு நிலவுகளும் ஒன்றன்மேல் ஒன்று பொருந்தும் அபூர்வ அந்தி அன்று வந்தது. ஓர் ஆயுளில் இருமுறை வாய்த்தால் பெரிது. அதைக் காண மாமனார் வீட்டு மொட்டைமாடியில் குடும்பமே கூடிற்று. அங்கே இருந்தது ஒரே ஒரு சாய்வு நாற்காலி. அது துணி தொய்ந்து, கைப்பிடி ஆடி, மூட்டைப்பூச்சிகளின் பரம்பரைச் சொத்தாய்த் திகழ்ந்தது. கல்யாணமான நாள்தொட்டு நம் வீரன் வீற்றிருந்த சிம்மாசனம் அதுவே.

ஆனால், அந்தோ! போன ஆண்டு இளைய மகளைக் கைப்பிடித்து ஒரு பகைவன் அவ்வீட்டுக்குள் புகுந்தான். மூக்குக்கண்ணாடிக் கடைக்காரன், ஒட்டடைக்குச்சி மேனியன், மாமனாருக்கு ஓசியில் ஒரு கண்ணாடி மாட்டிவிட்டு மாமியாரின் மனத்தையே விலைக்கு வாங்கிய மாயக்காரன். அன்றுமுதல் பந்தியில் முதல் தட்டு அவனுக்குப் போயிற்று. "சின்ன மாப்பிள்ளை மாதிரி உண்டா?" என்ற பேச்சு நம் வீரன் காதில் விழாத நாளில்லை. மிச்சமிருந்த மரியாதை அந்த நாற்காலி ஒன்றுதான். அதுவும் போனால் அந்த வீட்டில் தான் வெறும் விருந்தாளி என்று அவன் மனம் வெந்தது. அந்த வேக்காடு மட்டும் உண்மை; மற்றதெல்லாம் வீம்பு.

கதிரவன் வீழ்ந்தான். கிழக்கே இரு நிலவுகளும் எழுந்தன. கீழே, தாழ்ப்பாளற்ற கொல்லைக் கதவு காற்றில் படார் படாரென்று அடித்துக்கொண்டு போர்முரசாய் ஒலித்தது.

"மாப்ளே, தாழ்ப்பாள் கொண்டுவந்தீங்களா?" என்றார் மாமனார்.

"அடுத்த வாரம் மாமா!" என்று வழக்கமான சூளுரையை முழங்கிவிட்டுக் களம் புகுந்தான் வீரன்.

அடடா, அந்தப் போரை என்னவென்போம்! நிலவுகளுக்கு முதுகு காட்டி, நாற்காலிக்கு முகம் காட்டி, இருவரும் நண்டுபோல் பக்கவாட்டில் நடந்தனர். வீரனின் இடநிழல் இருக்கையில் ஏறினால் வலநிழல் தண்ணீர்த்தொட்டியில் விழுந்தது. வலநிழலை இழுத்து வந்தால் இடநிழல் கொடியில் காய்ந்த உள்பாவாடையைத் தழுவியது. ஒல்லிப் பகைவனின் நிழல்களோ ஊசிகளாய் நுழைந்தன. அவன் வாய் திறக்குமுன் வீரன் தன் தொந்தியை ஒரு சாண் முன்னே தள்ள, அதன் கொழுநிழல் பரவி, அந்த ஊசிகளிரண்டையும் ஒருங்கே விழுங்கிற்று. தொந்தி அவனுக்கு உதவிய ஒரே தருணம் அதுதான்.

"சகலை, இது அநியாயம்! வயித்தைக் கணக்குல சேக்கக் கூடாது!" என்றான் பகைவன்.

"வயிறு எனக்கு ஒட்டிப் பொறந்தது! நிழல் நிழல்தான்!" என்றான் வீரன்.

இதற்கிடையே இளைய நிலா மூத்த நிலாவை நெருங்கிற்று. நெருங்க நெருங்க நிழல்கள் ஒன்றையொன்று அண்டின. கைப்பிடிச் சுவரோரம் நின்ற பெண்களிடமிருந்து "ஆ!" என்றொரு மூச்சு எழுந்தது. மூத்த மகள் கூப்பிட்டாள்: "ஏங்க, கொஞ்சம் திரும்பித்தான் பாருங்களேன்! இனிமே எப்பப் பாக்கப் போறோம்?"

"திரும்பினா நிழல் நகந்துடும்டீ!"

அவள் வானத்தின் பக்கம் திரும்பிக்கொண்டாள். தங்கையின் தோளில் கை போட்டுக்கொண்டாள்.

வீரன் மூச்சடக்கினான், தொந்தியை எக்கினான், பகைவனை முழங்கையால் ஓரங்கட்டினான். அவன் நிழல்கள் இருக்கையின் நட்டநடுவே கம்பீரமாய் விழுந்தன. திசையெட்டும் அதிர, "விழுந்தது!" என்று முழங்கினான்.

பகைவன் குனிந்து, தன் கடைக் கண்ணாடி வழியே இருக்கையை உற்று நோக்கினான். "ரெண்டு எங்கே சகலை? ஒண்ணுதானே இருக்கு?"

ஒன்றுதான் இருந்தது. அந்தக் கணத்தில்தான் வானத்து நிலவிரண்டும் ஒன்றாயிருந்தன. சட்டமோ இரண்டு கேட்டது. ஒரு நிழலுக்குள் இரண்டு அடக்கம் என்று வீரன் வாதாட, எண்ணிக் காட்டு என்று பகைவன் எகிற, அந்த விவாதம் முற்றி ஒருவர் சட்டையை ஒருவர் பற்றிய வேளையில் பின்னால் வானம் பொன்னும் வெள்ளியும் கலந்து கரைந்து, மெல்லப் பிரிந்து, பழையபடி ஆயிற்று. அண்டமே அண்ணாந்து பார்த்த அதிசயத்தின்போது தரையைப் பார்த்துக்கொண்டிருந்த ஆண்பிள்ளைகள் இருவர் மட்டுமே. அவர்களில் ஒருவன் பிறர் பார்வையைச் சரிசெய்து பிழைப்பவன்.

பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு கீழே இறங்கினார்கள். கதவு படாரென்று மறுபடி அடித்தது. மாமனார் நடுவில் வந்தார்.

"முடிஞ்சுதா மாப்ளே? கொஞ்சம் தள்ளுங்க."

நாற்காலியை மடக்கிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கீழே போனார். இனி அதில் தன்னை அமர்த்துவார் என்றெண்ணி வீரன் பின்தொடர்ந்தான். தன்னைத்தான் என்றெண்ணிப் பகைவனும் பின்தொடர்ந்தான்.

மாமனார் அதைக் கொல்லைக் கதவுக்கு முட்டுக்கொடுத்துவிட்டுச் சாப்பிடப் போனார்.