மூன்று இடது, ஒரு வலது

கப்பலில் கரண்டி பிடிக்கும் அன்புத் தம்பிக்கு,

அக்கா எழுதுவது. முழங்கால் இரண்டும் நீங்கலாக நான் நலம். நீயும் உன் சமையலைச் சாப்பிடுகிறவர்களும் நலமா?

முதலில் ஒரு வெட்கக்கேடு. நான் ஸ்கூட்டரில் பறப்பதாகப் போன கடிதத்தோடு ஒரு போட்டோ அனுப்பினேனே, அதில் வண்டி ஸ்டாண்டில் நின்றது. முந்தானை பறந்தது டேபிள் ஃபேன் காற்றில். பிரசவத்துக்கு உன் பெண்டாட்டியைக் கூட்டிப்போக அக்கா இருக்கிறாள் என்று நீயும் நிம்மதியாக இருந்துவிட்டாய். சொன்ன பொய்யை மெய்யாக்க வேண்டாமா? நிஜமாகவே கற்றுக்கொள்ள இறங்கிவிட்டேன்.

வாத்தியார் வேறு யார், என் வீட்டுக்காரர், உன் மாமாதான். எனக்கோ காலமெல்லாம் தையல் மிஷின் மிதித்த கால். மிஷினில் காலை எடுத்தால் நின்றுவிடும். இந்தச் சனியன் காலை எடுத்தாலும் போகிறது. "கையில பிரேக்கைப் பிடிடி!" என்று பின்னால் அவர் கத்த, நான் இரண்டு காலாலும் காற்றை மிதிக்க, வண்டி நேராகச் சலூனுக்குள் போய் நின்றது. "ஏம்மா, வரிசையில வரக்கூடாதா?" என்றார் சலூன்காரர். பாதி முகம் மழித்திருந்தவர் எழுந்து எனக்கு நாற்காலி கொடுத்தார். நல்ல மனுஷன்.

ஒருவழியாக ஓட்டவும் வந்தது, நிறுத்தவும் வந்தது. வலது பக்கம் திரும்பத்தான் வரவில்லை. எதிரே லாரியைப் பார்த்தால் கண் தானாக மூடிக்கொள்கிறது. ஆஸ்பத்திரிக்கோ வலது பக்கம் திரும்பியே ஆகவேண்டும். யோசித்தேன். திரும்பவேண்டிய தெருமுக்கைத் தாண்டிப் போய் மூன்று தடவை இடது பக்கம் திரும்பினால் அது ஒரு வலது! உன் மாமா விரலால் காற்றில் கோடு போட்டுப் பார்த்துவிட்டு, "நீ சொல்றது சரிதான்டி" என்றார். கல்யாணமான நாளிலிருந்து இந்த வார்த்தையை அவர் வாயால் நான் கேட்டதில்லை.

நேற்று தனியாகவே ஆஸ்பத்திரி வரை போய் வந்தேன். முகத்தில் காற்று அடிக்க, வாய்விட்டுச் சிரித்துக்கொண்டே போனேனாம், "வீட்டுல எல்லாம் சரிதானே?" என்று உன் மாமாவை நாலு பேர் விசாரித்திருக்கிறார்கள். ஆகவே கவலையை விடு. உன் பெண்டாட்டிதான் "அண்ணி, நான் பஸ்லயே போயிக்கிறேனே" என்று இழுக்கிறாள். நம்பிக்கையில்லாத ஜென்மம்.

உப்பு உன் கைக்கும், கடல் உன் கப்பலுக்கும் அடங்கி இருக்கட்டும்.

இப்படிக்கு,
வண்டிக்கார அக்கா

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டுவதற்குள் அவளுக்கு வலி வந்துவிட்டது. உனக்குப் பெண் பிறந்திருக்கிறாள். இருவரும் நலம். ஆஸ்பத்திரிக்குக் கிளம்பும்போது உன் பெண்டாட்டி பின் சீட்டில் துணிப்பையை வைத்துக் கட்டினாள். வண்டி அமுங்கியது, நான் புறப்பட்டுவிட்டேன். திரும்பிப் பார்த்தால் விழுந்துவிடுவேன் என்பதால் பார்க்கவில்லை. வழியெல்லாம் "மூச்சை இழுத்து விடும்மா, இதோ வந்தாச்சு" என்று தைரியம் சொல்லிக்கொண்டே போனேன். அவள் பஸ்ஸில் வந்தாள். பை பத்திரமாக வந்து சேர்ந்தது.